ஒரே ஊருணிக்கு மூன்று விதமான எண்கள் ஏன்?

கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுப் பதிலுக்கு வருகிறேன். காரைக்குடியை ஒட்டிய கிராமம் ஒன்றில் ஆசிரியர் ஒருவர் மாணவர்களைச் சேர்த்துக்கொண்டு ஊரிலுள்ள ஊருணிகள், வரத்துக்கால்கள், பழைய வீடுகள் எல்லாவற்றையும் கணினியில் வரைபடமாக்கி வருகிறார். ஒரே ஊருணியின் படித்துறைக்கு அவரிடம் மூன்று ஜோடி எண்கள் வந்து சேர்ந்திருக்கின்றன. போனில் எடுத்த மாணவி 10.07, 78.78 என்று எழுதினார். கல்லூரியில் படிக்கும் பழைய மாணவர் ஒருவர் 2,56,700 மற்றும் 11,14,000 என்று அனுப்பினார். மூன்றாமவர் இணைய வரைபடத்தை வைத்து வரைந்த கோப்பில் 87,69,750 மற்றும் 11,26,800 என்று இருந்தது. (வாசிக்க வசதியாகக் கடைசி இலக்கங்களைச் சுருக்கியிருக்கிறேன்.) எது சரி என்பது அவருடைய முதல் கேள்வி. கிராம நிலக் கணக்கான அ-பதிவேட்டில் 1.62 ஹெக்டேர், அதாவது 4 ஏக்கர் என்று இருக்கும் ஊருணி கணினியில் 4 ஏக்கர் 15 சென்ட் காட்டுகிறதே, கரையைத் தாண்டி வரைந்துவிட்டோமா என்பது இரண்டாவது. நில அளவைத் துறையின் பழைய எஃப்எம்பி வரைபடத்தை, அதாவது ஒவ்வொரு புலத்தையும் அளந்து வரைந்த தாளை, இதன்மேல் எப்படிப் பொருத்துவது என்பது மூன்றாவது.

மூன்று ஜோடிகளுமே சரி. மூன்றும் ஒரே படித்துறையைத்தான் சொல்கின்றன. சொல்லும் கணக்குமுறைதான் வேறு.

இதைப் புரிந்துகொள்ளச் செட்டிநாட்டில் பிறந்தவர்களுக்கு ஒரு வசதி உண்டு. ரங்கூனிலும் பினாங்கிலும் கொழும்பிலும் சைகோனிலும் கொடுக்கல் வாங்கல் வைத்திருந்த நகரத்தார் வீடுகளில் பேரேட்டைப் புரட்டிப் பார்த்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஒரு வரியில் 200 என்று மட்டும் எழுதியிருந்தால் அந்தத் தொகைக்கு மதிப்பு என்ன? இலங்கை ரூபாயா, மலாயா டாலரா, இந்தோசீனாவின் பியாஸ்தரா என்று பக்கத்தில் எழுதியிருந்தால்தான் அது பணம். இடத்தைக் குறிக்கும் எண்ணும் அப்படித்தான். எந்த ஆயமுறையில், அதாவது இடத்தை எண்ணாக்கும் எந்தக் கணக்குமுறையில் எழுதியது என்ற பெயர் கூடவே வராவிட்டால் அது வெறும் எண், இடம் ஆகாது. உங்கள் திட்டத்தில் வந்திருக்கும் குழப்பம் முழுவதும் அந்தப் பெயர் விடுபட்டுப்போனதால் வந்ததுதான்.

சரி, ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதல் ஜோடி, 10.07, 78.78. இது அட்சரேகை, தீர்க்கரேகை. பூமத்திய ரேகையிலிருந்து வடக்கே 10.07 பாகை, கிரீன்விச் கோட்டிலிருந்து கிழக்கே 78.78 பாகை. இவை கோணங்கள், நீளங்கள் அல்ல. நம் பகுதியில் ஒரு பாகை அட்சரேகை சுமார் 110.6 கிலோமீட்டர். ஒரு பாகை தீர்க்கரேகை சுமார் 109.6 கிலோமீட்டர். வடக்கே போகப் போக இரண்டாவது அளவு மட்டும் சுருங்கிக்கொண்டே போய் துருவத்தில் பூஜ்யமாகிவிடும். ஆகவே இந்த எண்களை நேராகக் கழித்துத் தூரம் கணக்கிடக் கூடாது. இன்னொன்று, தசமப் புள்ளிக்குப் பின் எத்தனை இலக்கம் எழுதுகிறோம் என்பதைக் கவனியுங்கள். இரண்டு இலக்கம் என்றால் ஒரு கிலோமீட்டர் அளவுக்குத்தான் நுட்பம். அதில் ஊரைக் கண்டுபிடிக்கலாம், ஊருணியைக் கண்டுபிடிக்க முடியாது. ஐந்தாவது இலக்கம் சுமார் 1.1 மீட்டர், ஆறாவது 11 சென்டிமீட்டர். மாணவர்களை ஆறு இலக்கம் எழுதச் சொல்லுங்கள். போன் பதினான்கு இலக்கம் காட்டினாலும் அதற்கு மேல் எழுதுவதில் பொருள் இல்லை.

ஆனால் கோணம் என்றால் எதன் மேல் அளந்த கோணம்? இங்கேதான் டேட்டம் என்ற சொல் வருகிறது. பூமி உருண்டை என்கிறோம், உண்மையில் அது துருவங்களில் சற்றுத் தட்டையான கோளம், எலிப்சாய்டு. அந்த வடிவத்துக்கு என்ன அளவு, அதை நிஜ பூமியோடு எந்த இடத்தில் பொருத்தினோம் என்ற ஏற்பாடுதான் டேட்டம். ஜிபிஎஸ் பயன்படுத்துவது டபிள்யூஜிஎஸ் 84. அதில் பூமத்திய ரேகை ஆரம் 63,78,137 மீட்டர், மையம் பூமியின் நிறைமையத்தில் இருக்கும். உங்கள் மாணவியின் போன் தந்தது இந்த முறைதான். மென்பொருளில் ஒவ்வொரு ஆயமுறைக்கும் இபிஎஸ்ஜி என்று ஓர் அடையாள எண் உண்டு, இதற்கு இபிஎஸ்ஜி 4326.

பழைய சர்வே ஆஃப் இந்தியா வரைபடத் தாள்கள் இதில் வரையப்பட்டவை அல்ல. அதன் கதை நம் தமிழ்நாட்டில்தான் தொடங்குகிறது. 1802-ல் வில்லியம் லாம்ப்டன் சென்னை பரங்கிமலைக்கு அருகே ஒரு அடிக்கோட்டைச் சங்கிலி வைத்து அளந்து, அதிலிருந்து முக்கோணம் முக்கோணமாக நாட்டை அளக்கத் தொடங்கினார். முக்கோணம் கட்ட ஒரு முனையிலிருந்து அடுத்த முனை கண்ணுக்குத் தெரிய வேண்டும். மலை இருக்கும் பகுதியில் அது எளிது. காவிரிச் சமவெளியில் ஏது மலை? கோவில் கோபுரங்களைத்தான் நம்ப வேண்டியிருந்தது. 1808-ல் தஞ்சைப் பெரிய கோவிலின் மேல் கோணம் அளக்கும் தியோடலைட் என்ற அரை டன் எடையுள்ள கருவியை ஏற்றும்போது கயிறு அறுந்து கருவி சேதமடைந்தது. லாம்ப்டனே அதைப் பழுதுபார்த்து மீண்டும் வேலையைத் தொடர்ந்தார். அவருக்குப் பின் வந்த ஜார்ஜ் எவரெஸ்ட் 1830-ல் வகுத்த எலிப்சாய்டுதான் இந்திய வரைபடங்களுக்கு நெடுங்காலம் அடிப்படையாக இருந்தது. அதைப் பூமியோடு பொருத்திய இடம் மத்தியப் பிரதேசத்தில் உள்ள கல்யாண்பூர்.

அந்த ஏற்பாடு இந்திய நிலப்பரப்புக்கு நன்றாகப் பொருந்தியது. ஆனால் அதன் மையமும் டபிள்யூஜிஎஸ் 84-ன் மையமும் ஒன்றல்ல. விளைவு, பழைய தாளில் படித்த அட்சரேகை தீர்க்கரேகையை அப்படியே போனில் தட்டினால் காரைக்குடிப் பக்கம் 200 மீட்டர் அளவுக்குத் தள்ளிப்போய் நிற்கும். ஊருணிக்குப் பதில் அடுத்த தெருவில் யாருடைய வளவிலோ புள்ளி விழும். எண் தவறில்லை, டேட்டம் வேறு. 2005-ல் வந்த தேசிய வரைபடக் கொள்கைக்குப் பிறகு பொதுமக்களுக்கான தாள்கள் டபிள்யூஜிஎஸ் 84-க்கு மாறிவிட்டன. ஆகவே உங்கள் கையில் இருக்கும் தாள் எந்தக் காலத்தது என்று ஓரத்தில் அச்சிட்டிருப்பதை முதலில் பாருங்கள்.

இரண்டாவது ஜோடி, 2,56,700 மற்றும் 11,14,000. இது யூடிஎம், பூமியை மண்டலம் மண்டலமாகத் தட்டையாக்கி மீட்டரில் சொல்லும் முறை. உருண்டையான பூமியைத் தட்டையான தாளில் விரிக்க வழியில்லை. ஆரஞ்சுத் தோலை மேசையில் வைத்து அமுக்கினால் எங்காவது கிழியும், அல்லது இழுபடும். அதை எந்த இடத்தில், எவ்வளவு இழுக்கலாம் என்று ஒரு விதி வைப்பதுதான் புரொஜெக்‌ஷன். யூடிஎம் முறை பூமியைத் தலா 6 பாகை அகலமுள்ள 60 மண்டலங்களாகப் பிரித்துக்கொள்கிறது. மண்டலம் குறுகலாக இருப்பதால் இழுபடுவதும் குறைவு. 78 பாகையிலிருந்து 84 பாகை வரை 44-ஆம் மண்டலம். காரைக்குடி, தேவகோட்டை, கானாடுகாத்தான், புதுக்கோட்டை எல்லாம் இதில்தான். இபிஎஸ்ஜி எண் 32644.

இந்த மண்டலத்தின் நடுக்கோடு 81 பாகை, நமக்குக் கிழக்கே கடலுக்கு மேல் ஓடுகிறது. அந்தக் கோட்டுக்கு 5,00,000 மீட்டர் என்று மதிப்புக் கொடுத்துவிடுகிறார்கள், மேற்கே போனாலும் எண் எதிர்மறையாகிவிடக் கூடாது என்பதற்காக. உங்கள் படித்துறைக்கு 2,56,700 என்றால், நடுக்கோட்டிலிருந்து மேற்கே சுமார் 243 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது என்று பொருள். 11,14,000 என்பது பூமத்திய ரேகையிலிருந்து வடக்கே உள்ள மீட்டர்.

இதில் எண்கள் மீட்டரில் இருப்பதால் கூட்டல் கழித்தல் செய்யலாம், பரப்பு கணக்கிடலாம். முழுக்கத் துல்லியமா? நடுக்கோட்டில் நீளத்தை ஆயிரத்துக்கு 0.4 குறைத்து வைத்திருக்கிறார்கள். விலகிப் போகப் போக அது கூடிக்கொண்டே வந்து, நம் ஊரில் ஒரு கிலோமீட்டருக்குச் சுமார் 33 சென்டிமீட்டர் கூடுதலாகக் காட்டும். 60 மீட்டர் நீளமுள்ள ஒரு வீட்டில் அது 2 சென்டிமீட்டர். வாசற்படியில் நின்று டேப் பிடிக்கும்போது கை நடுங்கினாலே அதைவிட அதிகம் வரும். உங்கள் வேலைக்கு யூடிஎம் 44 போதும், தாராளமாகப் போதும்.

திசையைப் பற்றியும் ஒரு வார்த்தை, ஏனென்றால் இங்கே வீடுகள் எந்தத் திசை பார்த்துக் கட்டப்பட்டன என்பதை உங்கள் மாணவர்கள் குறிக்கப்போகிறார்கள். யூடிஎம் கட்டத்தின் வடக்கும் உண்மையான வடக்கும் ஒன்றல்ல. நம் ஊரில் வித்தியாசம் சுமார் 0.39 பாகை. கட்டத்தின் வடக்கு, உண்மை வடக்கிலிருந்து சற்று மேற்கே சாய்ந்திருக்கும். நூறு மீட்டர் நீளத்துக்கு எழுபது சென்டிமீட்டர் வரை விலகும். முகப்பிலிருந்து வளவு, இரண்டாங்கட்டு, மூன்றாங்கட்டு என்று ஒரு தெருவில் தொடங்கி மறு தெருவில் முடியும் வீட்டின் அச்சு சரியான கிழக்கு மேற்கா என்று ஆராய நினைத்தால் இதைக் கழித்துவிட்டுத்தான் பேச வேண்டும்.

மூன்றாவது ஜோடி, 87,69,750 மற்றும் 11,26,800. இது வெப் மெர்கேட்டர், இபிஎஸ்ஜி 3857. கூகுள் மேப்ஸ், ஓப்பன்ஸ்ட்ரீட்மேப் போன்றவை திரையில் படம் காட்டப் பயன்படுத்துவது இதைத்தான். உலகம் முழுவதையும் ஒரே சதுரமாக்கி, அதை நான்காகவும், ஒவ்வொன்றையும் மறுபடி நான்காகவும் வெட்டிக்கொண்டே போவதற்கு இது வசதி. கோணங்களைக் கிட்டத்தட்டக் காப்பாற்றும். அதனால்தான் கானாடுகாத்தானின் நேர்நேரான தெருக்கள் திரையிலும் செங்குத்தாக வெட்டிக்கொள்கின்றன. பார்ப்பதற்கு அருமையான ஏற்பாடு. அளப்பதற்கு உதவாது. உங்கள் இரண்டாவது கேள்விக்கு விடை இங்கேதான் இருக்கிறது.

வெப் மெர்கேட்டர் எண்கள் மீட்டர் மாதிரித்தான் தோன்றும். மென்பொருளிலும் அலகு மீட்டர் என்றே போட்டிருக்கும். ஆனால் அது நிலத்து மீட்டர் அல்ல. பூமத்திய ரேகையை விட்டு விலக விலக இந்த முறை எல்லாவற்றையும் ஊதிப் பெரிதாக்கும். காரைக்குடி அட்சரேகையில் கிழக்கு மேற்கான 100 மீட்டர், சுமார் 101.5 ஆகும். வடக்கு தெற்கான 100 மீட்டர், சுமார் 102.2 ஆகும். இரண்டையும் பெருக்கினால் பரப்பில் 4 சதவீதத்துக்குச் சற்றுக் குறைவாகக் கூடும். 4 ஏக்கருக்கு அது எவ்வளவு? ஏறத்தாழ 15 சென்ட்! உங்கள் மாணவர்கள் கரையைத் தாண்டி ஓர் அடிகூட வரையவில்லை. ஒழுங்காக வரைந்திருக்கிறார்கள், அந்தப் பிள்ளைகளிடம் இதைச் சொல்லுங்கள். அதே கோப்பை 44-ஆம் மண்டலத்துக்கு மாற்றி அளந்தால் பிழை கால் சென்ட் அளவில்தான் இருக்கும். டில்லியில் இதே தவறைச் செய்தால் பரப்பு 30 சதவீதம் கூடிவிடும். நாம் பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் இருப்பதால் பிழை சிறிதாக இருக்கிறது. சிறிதாக இருப்பதால்தான் கண்ணில் படாமல் தப்பித்தும் விடுகிறது. ஊருணியில் 15 சென்ட் என்பது ஆக்கிரமிப்பு வழக்கு ஒன்று தொடங்கப் போதுமான அளவு. இதை நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் அதுதான்.

க்யூஜிஐஎஸ் என்ற வரைபட மென்பொருளைப் பயன்படுத்துகிறீர்கள் என்றால் அதிலும் பரப்புக்கு இரண்டு வாய்ப்பாடுகள் உண்டு. ஒன்று எலிப்சாய்டைக் கணக்கில் எடுத்துக்கொண்டு பரப்பைத் தரும். மற்றொன்று கோப்பு எந்தப் புரொஜெக்‌ஷனில் இருக்கிறதோ அதன் தட்டைத் தாளில் அப்படியே கணக்கிடும். இரண்டுக்கும் விடை வேறாக வந்தால் பயப்பட வேண்டாம், எந்த வாய்ப்பாட்டைப் போட்டீர்கள் என்று பாருங்கள்.

இப்போது மிக முக்கியமான இடம். இந்த வேலையில் நான் பார்த்த தவறுகளில் பாதிக்கு மேல் இங்கே நடப்பவை. கோப்பின் ஆயமுறையைக் குறிப்பிடுவது வேறு, கோப்பை ஓர் ஆயமுறையிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றுவது வேறு. பேரேட்டில் 200 மலாயா டாலர் என்று இருக்கிறது. அன்றைய மாற்று விகிதத்தைப் போட்டு அதை ரூபாயாக்கி எழுதினால் எண் மாறும், பணத்தின் மதிப்பு மாறாது. அப்படியில்லாமல் டாலர் என்ற சொல்லை மட்டும் அடித்துவிட்டு ரூபாய் என்று எழுதினால் எண் அப்படியே இருக்கும், ஆனால் கணக்கு பொய்யாகிவிடும். க்யூஜிஐஎஸ்ஸில் ‘செட் லேயர் சிஆர்எஸ்’ என்பது அந்தச் சொல்லை எழுதும் கட்டளை. சொல் விடுபட்டுப் போயிருந்தால், அல்லது தவறாக இருந்தால் மட்டுமே அதைத் தொட வேண்டும். ‘ரீபுரொஜெக்ட்’ என்பதுதான் மாற்று விகிதம் போட்டு எண்ணை மாற்றும் கட்டளை. யூடிஎம்முக்குப் போக வேண்டுமானால் இதுதான் வழி. புதிய கோப்பாகச் சேமிக்கும்போது ஆயமுறையைத் தேர்ந்தெடுத்தாலும் இதே வேலை நடக்கும்.

ஒரு சம்பவம் சொல்கிறேன். சில வருடங்களுக்கு முன் தேவகோட்டைப் பக்கத்துக் கண்மாய்களின் எல்லைக்கோடுகள் ஷேப்ஃபைலாக, அதாவது பல கோப்புகள் சேர்ந்த ஒரு வரைபடத் தொகுப்பாக, என்னிடம் வந்தன. அனுப்பியவர்கள் மூன்று கோப்புகள் அனுப்பினார்கள், பிஆர்ஜே என்று முடியும் நான்காவது சிறிய கோப்பை விட்டுவிட்டார்கள். ஆயமுறையின் பெயர் அதில்தான் இருக்கும். என்னோடு வேலை பார்த்த பையன், எண்ணைப் பார்த்தால் யூடிஎம் மாதிரி இருக்கிறது என்று 43-ஆம் மண்டலத்தைப் போட்டுவிட்டான். அதற்கு முன் கோயம்புத்தூர் வேலை பார்த்துவந்தவன், அங்கே 43 தான் சரி. திரையைப் பெரிதாக்கிப் பார்த்தால், கண்மாய்கள் அத்தனையும் லட்சத்தீவில் கவரத்திக்குத் தெற்கே நடுக்கடலில் மிதந்துகொண்டிருந்தன. சரியாக 6 பாகை மேற்கே. மண்டலம் ஒன்று பிசகினால் இப்படித்தான் ஆகும், ஏனென்றால் 2,56,700 என்ற எண் எல்லா மண்டலத்திலும் உண்டு. பெயரை 44 என்று திருத்தியதும் ஒவ்வொரு கண்மாயும் தன் கரையில் போய் உட்கார்ந்தது. இந்த இடத்தில் ‘செட்’ கட்டளைதான் சரியான மருந்து, எண்கள் எல்லாம் சரியாகவே இருந்தன. மதுரை 44-ல் இருக்கிறது, திண்டுக்கல் 43-ல் இருக்கிறது என்பதையும் நினைவில் வையுங்கள். 78 பாகைக் கோடு இரண்டுக்கும் நடுவே போகிறது.

இன்னும் இரண்டு பிசகுகள் உங்கள் மாணவர்களுக்கு வரும், உறுதியாக வரும்.

ஒன்று, வரிசை மாறுவது. பேச்சில் நாம் அட்சரேகையை முதலில் சொல்கிறோம். ஆனால் ஜியோஜேசன் என்ற வகை வரைபடக் கோப்பில் தீர்க்கரேகைதான் முதலில் எழுத வேண்டும் என்பது விதி. கணிதத்தில் எக்ஸ் முதலில், ஒய் அடுத்து என்று படிப்பது மாதிரி. வரிசை மாறிப்போனால் 10.07 வடக்கு 78.78 கிழக்கு என்பது, 78.78 வடக்கு 10.07 கிழக்கு ஆகிவிடும். அது எங்கே தெரியுமா? ஆர்க்டிக்கில், நார்வேக்குச் சொந்தமான ஸ்வால்பார்ட் தீவுகளுக்கு மேற்கே கடலில். இந்தியாவின் ‘ஹிமாத்ரி’ ஆய்வு நிலையம் 2008 முதல் அங்கே இருக்கிறது, காரைக்குடியின் புள்ளி அதிலிருந்து ஐம்பது கிலோமீட்டருக்குள் விழும். வகுப்பில் ஒருமுறை இதைத் திரையில் செய்து காட்டுங்கள். வரிசை ஏன் முக்கியம் என்று பிள்ளைகளுக்கு ஆயுசுக்கும் மறக்காது.

இரண்டு, பாகை கலை விகலை, அதாவது டிகிரி, நிமிடம், விநாடி. 10° 4′ 12″ என்பதைத் தசமத்தில் எழுதினால் 10.07. நான்கை அறுபதாலும் பன்னிரண்டை 3600-ஆலும் வகுத்துக் கூட்ட வேண்டும். அவசரத்தில் 10.0412 என்று எழுதிவிடுவார்கள். அட்சரேகையில் 3 கிலோமீட்டருக்கு மேல் தெற்கே போய்விடும். 78° 46′ 48″ என்பதை 78.4648 என்று எழுதினால், 78.78-க்குப் பதில் சுமார் 35 கிலோமீட்டர் மேற்கே, மேலூர்ப் பக்கம் போய் நிற்கும். கடலில் விழுந்த புள்ளியைக் கண்டுபிடித்துவிடலாம். மேலூர்ப் பக்கம் விழுந்த புள்ளி நிலத்தில்தான் இருக்கும், ஏதோ ஒரு கண்மாய்க்கு அருகில் வேறு இருக்கும். சந்தேகமே வராது. ஆகவே எடுத்த புள்ளிகளை அன்று மாலையே செயற்கைக்கோள் படத்தின் மேல் போட்டுப் பார்த்துவிடுங்கள், எடுத்தவருக்கு இடம் நினைவில் இருக்கும்போதே.

எஃப்எம்பி விஷயத்துக்கு வருகிறேன். அந்தத் தாளில் அட்சரேகையும் இல்லை, யூடிஎம்மும் இல்லை. புலத்துக்குள் ஒரு கோட்டை நீளமாகப் போட்டு, அதிலிருந்து ஒவ்வொரு வளைவுக்கும் செங்குத்தாக எத்தனை மீட்டர் என்று அளந்து எழுதிய படம் அது. அளவுகள் நம்பகமானவை, ஆனால் அந்தப் புலம் பூமியில் எங்கே இருக்கிறது, எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்பது தாளுக்குத் தெரியாது. அதற்கு அதை நிலத்தில் நட்டிருக்கும் கற்களோடு இணைக்க வேண்டும். எல்லைக் கற்களில் முச்சந்திக் கல் மிகவும் நல்லது, மூன்று எல்லைகள் சேரும் இடத்தில் நிற்கும், தாளிலும் தெளிவாக இருக்கும். ஊரில் வயதானவர் யாரையாவது அழைத்துக்கொண்டு போங்கள். கருவேல முள்ளை விலக்கி, கம்பால் மண்ணைக் கிளறி, தலை மட்டும் தெரியும் கருங்கல்லைக் காட்டுவார். கல்லின் மேல் வெட்டியிருக்கும் அடையாளத்தைத் துடைத்துப் படமெடுத்துக்கொள்ளுங்கள். குறைந்தது நான்கு கற்கள், புலத்தின் நான்கு பக்கமும் பரவலாக இருக்க வேண்டும். ஒரே வரப்பில் நான்கு கல் எடுத்துப் பயனில்லை.

அப்புறம், படத்தை நிலத்தின் எண்களோடு பொருத்தும் க்யூஜிஐஎஸ் கருவியான ஜியோரெஃபரன்சரில் ஹெல்மெர்ட் முறையைத் தேர்ந்தெடுங்கள். அது தாளை நகர்த்தும், திருப்பும், ஒரே விகிதத்தில் பெரிதாக்கும் அல்லது சிறிதாக்கும், அவ்வளவுதான். கோணலாக இழுக்காது. எஃப்எம்பியின் அளவுகளை நாம் நம்புகிறோம் என்றால் அவற்றை இழுத்துக் கெடுக்கக் கூடாது. தின் பிளேட் ஸ்ப்லைன் என்று ஒரு முறை இருக்கும். அதில் எல்லாக் கல்லும் கச்சிதமாகப் பொருந்திவிடும், மீதிப் பிழை பூஜ்யம் என்று காட்டும். அதை நம்பாதீர்கள். ஒரு கல்லைத் தவறாகக் குறித்திருந்தால்கூடத் தாளை ரப்பர் மாதிரி இழுத்து ஒட்டவைத்துவிடும். ஹெல்மெர்ட்டில் அந்த ஒரு கல் மட்டும் எட்டு மீட்டர் தள்ளி நின்று தவறைக் காட்டிக்கொடுக்கும். காட்டிக்கொடுக்கும் முறைதான் நமக்கு வேண்டும். இப்படிப் பொருத்திய படத்தை ஊரைப் புரிந்துகொள்ளப் பயன்படுத்துங்கள். எல்லைத் தகராறு என்று வந்தால் நில அளவரைக் கூப்பிட்டு முறையாக அளக்க வேண்டும், உங்கள் கோப்பை வைத்து யாரையும் ஆக்கிரமித்தவர் என்று சொல்லிவிடாதீர்கள்.

கற்களைப் போனில் குறிப்பது போதுமா என்று கேட்பீர்கள். திறந்த வானத்தின் கீழ் நல்ல போன் ஐந்து மீட்டர் வட்டத்துக்குள் காட்டும். ஊருணிக் கரையில் அது சரிதான். வீட்டுக்குள் போனால் நிலைமை வேறு. பர்மா தேக்குத் தூண்களும் தடித்த சுவர்களும் உள்ள பட்டாலையில் நின்றுகொண்டு எடுத்தால், சமிக்ஞை எங்கெங்கோ பட்டுத் தெறித்து வந்து புள்ளி எதிர்வீட்டு மாடியில் விழும். வளவின் நடுவே வானம் தெரியும் முற்றத்தில்கூட நான்கு பக்கமும் கூரை மறைக்கும். வீடுகளுக்கு முகப்பு வாசலுக்கு வெளியே தெருவில் ஒரு புள்ளியும் பின்தெருவில் ஒரு புள்ளியும் எடுத்துவிட்டு, உள்ளே டேப்பால் அளப்பதுதான் நல்லது. புள்ளி எடுக்கும்போது போனை அசைக்காமல் இரண்டு நிமிடம் வைத்திருந்து, பத்துப் பதினைந்து முறை பதிவுசெய்து சராசரி எடுக்கச் சொல்லுங்கள். எல்லைக் கற்களுக்கு மட்டும் யாரிடமாவது ஆர்டிகே என்ற துல்லிய ஜிபிஎஸ் கருவி கிடைத்தால் ஒரு நாள் வாங்கி அளந்துவிடுங்கள், சென்டிமீட்டர் அளவில் கிடைக்கும்.

நீங்கள் கேட்காத ஒன்று, உயரம். இதைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை, ஏனென்றால் உங்கள் வரைபடத்தின் உயிரே அதில்தான் இருக்கிறது. முற்றத்தில் விழுந்த மழை தெருவுக்கு வந்து, தெருவிலிருந்து வரத்துக்கால் வழியாக ஊருணிக்குப் போய், அது நிறைந்தால் அடுத்த ஊருணிக்கு ஓடும்படி முன்னோர் ஊரையே வாட்டம் பார்த்துக் கட்டியிருக்கிறார்கள். அந்த வாட்டத்தை வரைபடத்தில் காட்ட வேண்டும் என்றால் உயரம் வேண்டும். ஜிபிஎஸ் நேரடியாகக் கொடுப்பது எலிப்சாய்டிலிருந்து அளந்த உயரம், கடல்மட்டத்திலிருந்து அளந்தது அல்ல. கடல்மட்டம் புவியீர்ப்பைப் பின்பற்றி மேடு பள்ளமாக இருக்கும். அதன் உலகிலேயே ஆழமான பள்ளம் இந்தியாவுக்குத் தெற்கே இந்தியப் பெருங்கடலில் இருக்கிறது, அங்கே எலிப்சாய்டைவிட 100 மீட்டருக்கும் மேல் கீழே. நாம் அந்தப் பள்ளத்தின் சரிவில் இருக்கிறோம். நம் பகுதியில் வித்தியாசம் 90 மீட்டர் அளவுக்கு வரும். ஆகவே சில செயலிகளில் காரைக்குடி கடல்மட்டத்துக்குக் கீழே இருப்பதாகக்கூடக் காட்டும். சில செயலிகள் இதைத் தாமாகத் திருத்திக் காட்டும், சில காட்டாது. இரண்டு மாணவர்களின் போன்கள் ஒரே படியில் 90 மீட்டர் வித்தியாசம் காட்டினால் காரணம் இதுதான்.

திருத்தினாலும் போனின் உயரப் பிழை பத்து மீட்டர்கூட வரும். வரத்துக்காலின் வாட்டமோ நூறு மீட்டருக்குச் சில சென்டிமீட்டர்தான். இதற்குப் போனை நம்பவே கூடாது. ஊரில் வீடு கட்டும் கொத்தனார் யாரிடமாவது டியூப் லெவல் இருக்கும், தண்ணீர் நிரப்பிய, உள்ளே தெரியும் நீளமான பிளாஸ்டிக் குழாய். ஒரு முனையை ஊருணிப் படியிலும் மறுமுனையை வரத்துக்காலின் வாயிலும் பிடித்து, இரண்டு பக்கமும் தண்ணீர் நிற்கும் இடத்தில் சாக்பீஸால் கோடு போட்டு, தரையிலிருந்து அந்தக் கோடு வரை இரண்டு பக்கமும் ஸ்கேலால் அளந்து கழித்தால் வாட்டம் மில்லிமீட்டர் அளவில் கிடைத்துவிடும். குழாயில் காற்றுக்குமிழ் இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள். பத்து மீட்டர் பத்து மீட்டராக நகர்ந்து போகலாம், ஒவ்வொரு முறையும் முந்தைய புள்ளியிலிருந்து தொடங்கி. கடைசியில் புறப்பட்ட படிக்கே திரும்பி வந்து, எண் ஒத்துப்போகிறதா என்று பாருங்கள்.